பின்வரிசையில் நின்ற மருத்துவர்



பழவேற்காடு ஏரிக்கும் வங்கக் கடலுக்கும் இடையே நீண்டு கிடக்கும் மணற்பரப்பில், மாலை வேளையில் நின்று பார்த்திருக்கிறீர்களா? வலைகள் உலர்ந்து கொண்டிருக்கும். படகுகள் கரையேறியிருக்கும். அவற்றிற்கு நடுவே இரண்டு துடுப்புகளை நட்டு, அதுவே ‘கோல்’ என்று வைத்துக்கொண்டு, நம் குப்பங்களின் சிறுவர்கள் வெறுங்காலுடன் பந்து உதைத்துக் கொண்டிருப்பார்கள். பொழுது சாய்ந்து பந்து கண்ணுக்குத் தெரியாமற் போகும் வரையில் அந்த ஆட்டம் ஓயாது.

அண்மையில் ஒரு நாள், அத்தகைய சிறுவன் ஒருவனைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு அவன் தாய் என்னிடம் வந்தார்.

“சாமி, நீங்களே இவனுக்குப் புத்தி சொல்லுங்க. பத்தாம் வகுப்பு படிக்கிறான். புத்தகத்தைத் தொடுறதே இல்லை. எந்நேரமும் பந்துதான். இது இவனுக்கு நாளைக்குச் சோறு போடுமா?”

பையன் தலை கவிழ்ந்து நின்றான். அவன் மனத்திலும் ஏதோ ஒரு குறை இருந்தது என்பது முகத்தில் தெரிந்தது. மெல்லக் கேட்டேன்.

“எப்பப் பார்த்தாலும் என்னையே பின்னால ‘பேக்’ நிக்க வைக்கிறாங்க, சாமி. கோல் போடுறவனைத்தான் தூக்கி வச்சு ஆடுறாங்க. என்னை யாரும் பார்க்கிறதே இல்லை.”

தாயின் கவலை ஒன்று, மகனின் கவலை வேறொன்று. இரண்டிற்கும் விடையாக எனக்கு ஒரே மனிதரின் வாழ்க்கை நினைவிற்கு வந்தது. அவ்விருவருக்கும் அன்று சொன்னதையே சற்று விரிவாக உங்களுக்கும் சொல்ல விழைகிறேன்.

ஆட்டம் பிழைப்பாகுமா?

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிக்கொள்வோம். கால்பந்தாட்டம் உயிர்மூச்சாக விளங்கும் நாடுகளிலும், ஆடுகிறவர் எல்லாரும் அதனால் மட்டுமே பிழைப்பதில்லை. ஸ்காட்லாந்து ஒரு சிறிய நாடு. அங்கே தேசியப் போட்டியில் 42 கழகங்கள் நான்கு பிரிவுகளாக ஆடுகின்றன. மேற்பிரிவில் ஆடுவோர்க்கு ஆட்டமே தொழில். கீழ்ப்பிரிவுகளில் ஆடுவோரின் நிலை வேறு. அவர்களுள் பலர் பகலில் தச்சராகவோ, மின்பணியாளராகவோ, ஆசிரியராகவோ உழைத்துவிட்டு, வாரத்தில் இரண்டு மாலைகள் பயிற்சி செய்து, சனிக்கிழமை ஆடுகிறவர்கள். அப்படிப்பட்ட அணியொன்றில் பத்தாண்டுக் காலம் பின்வரிசையில் நின்று ஆடிய ஒருவரின் பெயர் அவருடைய ஊரைத் தாண்டித் தெரியாது. ஆயினும் அவர் தம் வீட்டிற்கும் உழைத்தார், தம் ஊருக்கும் ஆடினார்.

இவ்வாறு இரண்டு கடமைகளையும் ஒரு சேரச் சுமந்த மனிதர் ஒருவர் நம் பாரத நாட்டிலும் இருந்தார். அவரும் பின்வரிசைக்காரரே. அவர் பெயர் டாக்டர் தாலிமெரன் ஆவோ.

தந்தையின் கடைசி ஆசை

இந்நாளில் நாகாலாந்து எனப்படும் மலைநாட்டில், சாங்கி என்னும் சிற்றூரில், 1918 ஜனவரி 28 ஆம் நாள் அவர் பிறந்தார். பன்னிரண்டு மக்கள் பிறந்த குடும்பம். தந்தையார் நம் பிரிந்த சகோதரரான பாப்டிஸ்டு சபையினரின் போதகர். பொருள் வளம் இல்லாத வீடு. பந்து வாங்கவும் வழியில்லை. கந்தல் துணிகளைச் சுருட்டிக் கட்டிய பந்தையே சிறுவன் தாலிமெரன் உதைத்துப் பழகினான். நம் குப்பத்துப் பிள்ளைகளுக்கு இது புதிய செய்தியன்று.

அவருக்குப் பதினேழு வயதானபோது, 1935 இல், தந்தையார் இறந்தார். மலைநாட்டு மக்கள் நோய்வாய்ப்பட்டால் பார்ப்பதற்கு மருத்துவர் இல்லாத காலம் அது. தம் மகன் மருத்துவம் கற்றுத் தம் மக்களுக்குப் பணி செய்ய வேண்டும் என்பதே அத்தந்தையின் கடைசி ஆசை. மகன் அதை மனத்தில் எழுதி வைத்துக்கொண்டான்.

ஜோர்ஹாட்டு மிஷன் பள்ளியிலும், பின்னர் குவாஹத்தி காட்டன் கல்லூரியிலும் அவர் பயின்றார். குவாஹத்தியில் மகாராணா கழகத்திற்காக ஆடினார். முன்வரிசையில் கோல் போடுகிறவராகத் தொடங்கிய அவர், பின்னர் தற்காப்பிற்கு மாறினார். தம்பிமார்களே, இதைக் கவனியுங்கள். நாட்டின் தலைவராக உயர்ந்த அந்த ஆட்டக்காரர், முன்னேயிருந்து பின்னே வந்தவர்!

பகலில் பிணவறை, மாலையில் மைதானம்

1942 இல் கல்கத்தாவின் கார்மைக்கேல் மருத்துவக் கல்லூரியில் அவருக்கு இடம் கிடைத்தது. இன்று ஆர். ஜி. கர் மருத்துவக் கல்லூரி என வழங்குவது அதுவே. உலகப்போர் நடந்துகொண்டிருந்த நேரம். அடுத்த ஆண்டு வங்காளத்தை வாட்டிய கொடும் பஞ்சத்தில் இலட்சக்கணக்கானோர் மடிந்தனர். மருத்துவம் கற்கும் மாணவன் ஒருவனுக்கு அந்த நகரம் என்னவெல்லாம் காட்டியிருக்கும் என்று எண்ணிப் பாருங்கள்.

அதே 1943 இல் மோகன் பகான் கழகம் அவரைச் சேர்த்துக்கொண்டது. அக்கழகத்தின் பெருமையை ஒரு சொல்லில் சொல்லிவிடலாம். 1911 ஜூலை 29 அன்று, பெரும்பாலும் வெறுங்காலுடன் ஆடி, பூட்ஸ் அணிந்த ஆங்கிலேயப் படைப்பிரிவின் அணியை இரண்டுக்கு ஒன்று என வென்று, ஐ.எஃப்.ஏ. கேடயத்தைப் பெற்ற முதல் இந்தியக் கழகம் அது. அத்தகைய கழகத்திற்கு ஆவோ ஏறக்குறைய ஒன்பது ஆண்டுகள் ஆடினார்; அதன் தலைவராகவும் ஆனார். பகலெல்லாம் உடற்கூறும் நோய்க்கூறும் கற்பார். மாலையில் பந்தின் பின்னே ஓடுவார்.

அந்நாளைய ஆட்ட முறையையும் சிறிது அறிந்துகொள்ளுங்கள். முன்னே ஐவர், நடுவே மூவர், கடைசியில் இருவர் என்று அணி நிற்கும். நடுவில் நிற்கும் மூவரைத் ‘ஹாஃப் பேக்’ என்பர். அம்மூவருள்ளும் நட்டநடுவில் நிற்பவரே ‘சென்டர் ஹாஃப்’. எதிரணியின் தலைசிறந்த முன்வரிசைக்காரரை மறிப்பதும் அவர் வேலை. பறித்த பந்தைத் தம் முன்வரிசைக்கு அனுப்புவதும் அவர் வேலை. ஆவோ நின்ற இடம் அதுதான். அவர் அனுப்பிய பந்தால் பிறர் கோல் போடுவார்கள். அவர் தடுத்த பந்தால் விழாமற் போன கோலை எந்தச் செய்தித்தாளும் எண்ணிக்கை போடாது.

நம் மக்களுக்கு இதை விளக்கவே வேண்டியதில்லை. கரைவலை இழுக்கும்போது, மீன் துள்ளும் மடியைச் சுற்றியே எல்லாருடைய கண்ணும் இருக்கும். கயிற்றின் கோடியில், மணலில் குதிகாலை ஊன்றிப் பின்னுக்குச் சாய்ந்து நிற்பவனை யார் பார்க்கிறார்கள்? ஆனால் அவன் கை தளர்ந்தால் வலை என்னாகும் என்பதைக் கரையில் நிற்கும் குழந்தையும் அறியும்.

இலண்டனில் வெறுங்கால்கள்

1948 இல் இலண்டன் மாநகரில் ஒலிம்பிக் விழா நடந்தது. நாடு விடுதலை பெற்று ஓராண்டும் நிறையவில்லை. கால்பந்து அணிக்கு ஆவோ தலைவர். அது மட்டுமன்று, ஜூலை 29 அன்று, வெம்பிளி அரங்கில் நடந்த தொடக்க விழாவில், இந்தியக் குழுவினருக்கு முன்னே மூவண்ணக் கொடியை ஏந்திச் சென்ற பெருமையும் அவருக்கே கிடைத்தது. மோகன் பகான் கேடயம் வென்ற நாளுக்குச் சரியாக முப்பத்தேழு ஆண்டுகள் கழித்து! மலைநாட்டுப் போதகரின் மகன், கந்தல் பந்து உதைத்தவன், ஒரு தேசத்தின் கொடியைப் பிடித்து நடந்தான்.

இரண்டு நாள் கழித்து, ஜூலை 31 அன்று, இல்ஃபோர்டு என்னும் இடத்தில் பிரான்சு நாட்டுடன் ஆட்டம். நம்மவரில் பெரும்பாலோர் வெறுங்காலுடன், சிலர் துணிக்கட்டு மட்டும் சுற்றிக்கொண்டு ஆடினர். முதலில் பிரான்சு ஒரு கோல் போட்டது. சாரங்கபாணி ராமன் என்னும் தென்னிந்திய வீரர் அதைச் சமன் செய்தார். ஒலிம்பிக் கால்பந்தில் விடுதலை பெற்ற இந்தியா போட்ட முதல் கோல் அது. ஆட்டத்தில் நமக்கு இரண்டு ‘பெனால்டி’ வாய்ப்புகள் கிடைத்தன. இரண்டும் வீணாயின. முடிவதற்குச் சற்று முன்னர் பிரான்சு மீண்டும் ஒரு கோல் அடித்து, இரண்டுக்கு ஒன்று என்று வென்றது.

தோற்றார்கள், ஆனாலும் பார்த்தவர்கள் எழுந்து நின்று பாராட்டும் வண்ணம் ஆடினார்கள். ஏன் பூட்ஸ் அணிவதில்லை என்று செய்தியாளர் வினவியபோது, நாங்கள் ஆடுவது கால்பந்து, நீங்கள் ஆடுவதோ பூட்ஸ்பந்து என்று ஆவோ நகையாக விடையிறுத்தார் என்பது இன்றும் சொல்லப்படும் செய்தி. நகைச்சுவை நல்லதே. எனினும் காலம் வேறு வழியில் சென்றது. 1952 இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் யுகோசுலாவியா பத்துக்கு ஒன்று என்று நம்மைத் தோற்கடித்தபின், நம் வீரர்களும் பூட்ஸ் அணியத் தொடங்கினர். பழமையில் பெருமை கொள்ளலாம், அதிலேயே நின்றுவிடலாகாது.

புகழை விட்டு ஊருக்கு

இலண்டனிலிருந்து திரும்பியவர் புகழின் உச்சியில் இருந்தார். நினைத்திருந்தால் ஆட்டத்தையே வாழ்வாக்கிக் கொண்டிருக்கலாம். அவர் பாடப்புத்தகத்தை எடுத்தார். 1950 இல் மருத்துவப் பட்டம் பெற்றார். தந்தை கண் மூடிப் பதினைந்து ஆண்டுகள் கழித்து, மகன் சொல்லைக் காத்தான்.

பின்னர் திப்ருகட்டில் சிறிது காலம் பணியாற்றி, 1953 இல் கோகிமா மருத்துவமனைக்குத் துணை மருத்துவ அதிகாரியாகச் சென்றார். கலவரமும் துப்பாக்கியும் அந்த மலைகளைக் கலங்கச் செய்த ஆண்டுகள் அவை. 1963 இல் நாகாலாந்து தனி மாநிலமானது. அதன் சுகாதாரத் துறை இயக்குநராக உயர்ந்த அவர், 1978 இல் ஓய்வு பெற்றார். 1998 செப்டம்பர் 13 அன்று மறைந்தார். வடகிழக்கு மாநிலங்களின் இளைஞர்கள் ஆடுவதற்கென அவர் பெயரில் கோப்பைப் போட்டி நடத்தப்பட்டதுண்டு.

கணக்குப் பார்ப்போம். பெரிய கழகத்தில் ஆடியது ஏறக்குறைய ஒன்பது ஆண்டுகள். பட்டம் பெற்றது முதல் ஓய்வு பெறும் வரை மருத்துவப் பணி இருபத்தெட்டு ஆண்டுகள். மைதானத்தில் கோலைக் காத்தவர், மருத்துவமனையில் உயிரைக் காத்தார். இரண்டு இடத்திலும் அவர் செய்தது ஒரே வேலைதான் என்று எனக்குத் தோன்றுகிறது: பின்னே நின்று, வரும் கேட்டைத் தடுத்தல்.

காலை மட்டும் நம்பலாமா?

அது அந்தக் காலம் என்று சொல்லாதீர்கள். நம் குமரிக் கடற்கரையின் இரவிபுத்தன்துறை என்னும் மீனவ ஊரிலிருந்து எழுந்தவர் மைக்கேல் சூசைராஜ். இந்தியாவிற்காக ஆடியவர், 2020 மார்ச்சில் இந்தியன் சூப்பர் லீக் பட்டம் வென்ற கல்கத்தா அணியில், இடப்புறத்தில் முன்னும் பின்னும் ஓடி ஆடியவர். அதே ஆண்டு நவம்பர் 20 அன்று, புதிய பருவத்தின் முதல் ஆட்டம். கால்மணி நேரம் கூட ஆகவில்லை. முழங்காலில் தசைநார் அறுந்தது. அந்தப் பருவம் முழுவதும் அவருக்கு இல்லை. அவர் மனந்தளராமல் தேறி, பின்னர் மீண்டும் களமிறங்கினார். ஆனால் பெற்றோரும் பிள்ளைகளும் ஒன்றை மறக்கலாகாது: ஆட்டக்காரனின் செல்வம் அனைத்தும் ஒரு முழங்காலில் இருக்கிறது.

ஆதலின் பிள்ளைகளே, ஆடுங்கள். ஆனால் கையில் இன்னொரு தொழிலையும் கல்வியையும் வைத்துக்கொண்டு ஆடுங்கள். பெற்றோரே, கண்டியுங்கள், ஆனால் பந்தைப் பிடுங்கி எறிந்துவிட்டால் புத்தகம் தானே கைக்கு வரும் என்று எண்ணாதீர்கள். இதில் நானும் தவறியவனே. முன்பொரு பங்கில், தேர்வுக் காலத்தில் பிள்ளைகளின் பந்தை வாங்கி அலமாரியில் பூட்டி வைத்தேன். அவர்கள் படிக்கவில்லை. பாலத்தடியில் உட்கார்ந்து சீட்டாடினார்கள்.

ஆவோவிற்கு வாய்த்த கல்லூரியும் கழகமும் நம் பிள்ளைகள் எல்லாருக்கும் வாய்க்கும் என்று நான் சொல்லவில்லை. ஏரியின் முகத்துவாரம் மணல் மூடி, பாடு குறைந்து, வீட்டில் அடுப்பெரிவதே சிரமமாகும் மாதங்கள் உண்டென்பதை அறிவேன். ஆனால் அவருக்கு வாய்த்த நாளும் இருபத்துநான்கு மணி நேரந்தான். அதைப் பங்கிட்டுக்கொள்ளும் வழக்கத்தை எந்தக் குப்பத்திலும் கற்பிக்கலாம். ஏரியில் பாட்டு முறை வைத்து, இன்னார்க்கு இன்ன நாள், இன்ன இடம் என்று நம் முன்னோர் சண்டையின்றிப் பகுத்துக்கொண்டார்களே! ஏரியைப் பங்கிடத் தெரிந்த நமக்கு ஒரு மாலைப் பொழுதைப் பங்கிடத் தெரியாதா?

அன்று மாலை அத்தாயும் மகனும் நானும் ஓர் ஏற்பாட்டிற்கு வந்தோம். பள்ளி விட்டதும் ஒரு மணி நேரம் ஆட்டம். விளக்கேற்றியபின் இரண்டு மணி நேரம் படிப்பு, அதுவும் பங்கு இல்லத்துத் திண்ணையில், என் கண்ணெதிரே. காலாண்டுத் தேர்வில் மதிப்பெண் குறைந்தால் மறுபடி பேசுவோம். தாய் அரை மனத்தோடு தலையசைத்தார்.

பையன் வாசலைத் தாண்டினான். பிறகு என்ன நினைத்தானோ, திரும்பி வந்தான்.

“கொடி பிடிச்சிட்டுப் போனாரே, அந்த டாக்டரு... அவரும் ‘பேக்’ தானா, சாமி?”

“ஆம், தம்பி. அவரும் பின்னே நின்றவர்தான்.”

அவன் ஒன்றும் சொல்லவில்லை. ஓடிப்போய் மணலில் இரண்டு துடுப்புகளுக்கு முன்னே, தன் இடத்தில் நின்றுகொண்டான்.