விரியனா, இல்லையா?

கடந்த மாரியில் ஒரு நாள், கிளிநொச்சிப் பக்கத்துக் கிராமம் ஒன்றில் எமது சேமிப்புக் குழுக் கூட்டம். கணக்குப் பார்த்துக்கொண்டிருக்கையில் ஓர் அம்மா சொப்பிங் பையொன்றை அவிழ்த்து என் முன்னால் வைத்தார். உள்ளே செத்த பாம்பு.

"பிள்ளை, நீ கம்பசில படிச்சனிதானே. இது விரியனோ எண்டு சொல்லு."

நான் படித்தது சமூகவியல் என்று சிரித்துச் சமாளித்தேன். அம்மா சிரிக்கவில்லை.

காரணம் பின்னர்தான் தெரிந்தது. முந்திய வருடம் அவருடைய பேத்தி, நிலத்தில் பாய் விரித்துப் படுத்திருந்தவள், விடியற்புறம் வயிற்றுநோவோடு எழும்பியிருக்கிறாள். கடித்த அடையாளமும் இல்லை, வீக்கமும் இல்லை. ஓமத்தண்ணீர் கொடுத்திருக்கிறார்கள். கண்மடல் சோர்ந்து விழ, நித்திரைக் குணம் என்று நினைத்திருக்கிறார்கள். பக்கத்து வீட்டு அக்கா பார்த்துவிட்டு ஓட்டோ பிடித்ததால்தான் பிள்ளை தப்பினாள். வைத்தியசாலையில் செயற்கைச் சுவாசம் கொடுத்தார்கள். அன்றிலிருந்து அந்த வளவுக்குள் ஊர்வதெல்லாம் அம்மாவுக்கு விரியன்தான்.

விலங்கியல் படித்த தோழியொருத்திக்குப் படம் அனுப்பினேன். அது விரியனல்ல, பல்லி பிடிக்க வீட்டுக்குள் வரும் விஷமற்ற பாம்பு என்றாள். நூல்களில் ஓநாய்ப் பாம்பு என்று எழுதுகிறார்கள். அதன்பின் அவளை விடாமல் கேட்டுக் கேட்டு நானும் படித்தேன்.

இரண்டிலும் வெள்ளை வரிகள் உண்டு. கட்டு விரியன் மினுங்கும் கறுப்பு. அதன் வரிகள் மெல்லியவை. கழுத்துப் பக்கம் மங்கலாக அல்லது இல்லாமலே இருந்து, வாலை நோக்கிப் போகப் போகத் தெளியும். முதுகின் நடுவே ஒரு வரிசைச் செதில் மட்டும் பெரிதாக இருக்கும். மற்றதோ மண்ணிறம். அதன் வரிகள் கழுத்தடியில் அகலமாகத் தொடங்கி வாலில் மறைந்துவிடும். ஆனால் குட்டி விரியனில் முன்பக்க வரியும் தெளிவாக இருக்குமாம். ஆகவே இந்த அடையாளம் தூரத்தில் நின்று பார்க்க மட்டுமே. கிட்டப் போய்ச் செதில் எண்ண வேண்டாம், செத்தது என்று நினைத்துக் கையால் தூக்கவும் வேண்டாம்.

2016இல் வெளியான நாடளாவிய ஆய்வொன்று, இலங்கையில் வருடத்துக்கு ஏறத்தாழ 80,000 பேர் பாம்புக்கடிக்கு ஆளாவதாகவும், அவர்களில் சுமார் 30,000 பேருக்கே விஷம் ஏறுவதாகவும், 400க்கு மேற்பட்டோர் இறப்பதாகவும் கணித்தது. விஷக்கல்லு வைத்துச் சுகமானது என்று ஊரில் சொல்லும் கதைகள் பலவற்றின் இரகசியம் இதில்தான் இருக்கிறதென்று எனக்குப் படுகிறது.

கடிபட்டபின் என்ன பாம்பென்று தேடி நேரம் போக்கக்கூடாது. இறுக்கிக் கட்டவோ கீறவோ கூடாது. கடிபட்ட கையையோ காலையோ அசைக்காமல் வைத்து உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும். அறிகுறிகளைப் பார்த்தே வைத்தியர் மருந்தைத் தீர்மானிப்பார். நிலத்தில் படுத்தவர் இரவில் காரணமில்லாமல் வயிற்றுநோ என்றால், கண்மடல் சோர்ந்தால், விரியன் என்றே நினையுங்கள். நோவில்லையே என்று விடியும்வரை காத்திருந்தால் சுவாசம் நின்றுவிடலாம்.

கட்டில் வாங்க எல்லோரிடமும் காசில்லை என்பது எனக்குத் தெரியும். நுளம்பு வலையைப் பாய்க்குக் கீழே நன்றாகச் செருகிவிட்டுப் படுப்பதும் பெரிய காவல்தான்.

குழுவில் இப்போது ஒரு கொப்பி இருக்கிறது. கண்ட பாம்பு, கண்ட இடம், நேரம் என்று எழுதுகிறார்கள். சாரையும் தண்ணீர்ப் பாம்பும்தான் அதிகம். படங்களை அந்தப் பேத்திதான் கீறுகிறாள். விரியனுக்கு மட்டும் வாலிலிருந்து வரி போடத் தொடங்குகிறாள்.