ஜாமீன் போட்டவரின் பத்திரம்

1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம், பத்திரத்தை ஒப்படைத்துக் கடன் வாங்கும் முறையைச் சில நகரங்களுக்கே அனுமதித்தது. அவற்றில் சென்னை ஒன்று. தஞ்சாவூரில் நிலம் வைத்திருந்தவர் பத்திரத்தைச் சென்னைக்குக் கொண்டுவந்துதான் ஈடு வைக்க முடியும். வங்கியில் அவர் பத்திரத்தைக் கொடுத்துவிட்டுப் போவார். மறுநாள் ஒரு குறிப்பு எழுதுவார்கள்: இன்னார் நேற்று வந்தார், இன்னின்ன பத்திரங்களை ஈடாக ஒப்படைத்தார் என்று. ஒப்பந்தமாக எழுதினால் பதிவு செய்தாக வேண்டும். நடந்து முடிந்ததைக் குறித்து வைத்தால் வேண்டாம். அந்த ஒரு நாள் இடைவெளியில் பதிவுச் செலவு மிச்சமானது. கடன் அடைந்ததும் பத்திரம் கைக்கு வரும், ஊருக்குத் தெரியாமலே கணக்கு முடியும்.

இன்று இந்த முறையை அனுமதிக்கும் அறிவிக்கை ஊர் ஊராக வந்துவிட்டது. சென்னைப் பயணம் தேவையில்லை. ஆனால் எம்.ஓ.டி. எனப்படும் பத்திர ஒப்படைப்புக் குறிப்பைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிகிறார்கள், வில்லங்கச் சான்றில் அது ஏறுகிறது. கடன் தீர்ந்தபின் ரசீது ஆவணமும் பதிய வேண்டும். மறந்தால், அடைத்த கடன் வில்லங்கத்தில் பாக்கியாகவே நிற்கும். ஒரே பத்திரத்தின் நகலைக் காட்டி இரண்டு வங்கிகளில் கடன் வாங்குவது கடினமானது நல்லதுதான். கடன் வாங்கியதை அண்டை வீட்டுக்காரருக்குத் தெரியாமல் வைத்திருக்கும் வசதி போய்விட்டது.

வழக்குகள் பெருகுவது இன்னொரு இடத்தில். ஒருவர் தம் வீட்டுக் கடனைக் கடைசித் தவணை வரை கட்டி, பத்திரத்தைக் கேட்டுப் போகிறார். ‘மைத்துனரின் தொழில் கடனுக்கு நீங்கள் ஜாமீன் ஆயிற்றே, அது நிலுவையில் இருக்கிறது’ என்கிறது வங்கி. 1872-ஆம் ஆண்டின் ஒப்பந்தச் சட்டம், 171-ஆம் பிரிவில், வங்கிக்குப் பொதுவான பிடிப்புரிமை தருகிறது. வங்கி காட்டுவது அதை. ஒரு கடனுக்கென்று தந்த வீட்டுப் பத்திரத்துக்கு அது செல்லாது என்று உயர் நீதிமன்றங்கள் சில வழக்குகளில் சொல்லியிருக்கின்றன. உடனே வங்கி ஜாமீன் பத்திரத்தின் அச்சிட்ட வரியைக் காட்டும்: இந்தக் கடனுக்கு மட்டுமன்றி, எந்த வகையில் பாக்கி இருந்தாலும். கையெழுத்துப் போட்ட அன்று அதைப் படித்தவர் அரிது. பெருக்கல் குறி போட்ட இடங்களில் கையெழுத்துக் கேட்டார்கள், போட்டார்.

‘முதலில் கடன் வாங்கியவரைக் கேளுங்கள்’ என்ற வாதம் பீகார் வங்கி வழக்கில் 1968-லேயே உச்ச நீதிமன்றத்தில் தோற்றது. கடன்காரரின் பொறுப்பு எவ்வளவோ ஜாமீன்தாரரின் பொறுப்பும் அவ்வளவே. ஆயினும் அன்று அவருக்கு ஒரு மறைமுகப் பாதுகாப்பு இருந்தது: உரிமையியல் நீதிமன்றத்தின் தாமதம். வழக்கு ஆண்டுக்கணக்கில் நடக்க, அதற்குள் மைத்துனர் மீண்டுவிடவும் கூடும். வங்கி நீதிமன்றம் போகாமலே ஈட்டுச் சொத்தைக் கைப்பற்ற வழிசெய்த 2002-ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டம் அந்தத் தாமதத்தை 60 நாள் நோட்டீசாகச் சுருக்கியது. விவசாய நிலத்தை அது தொடாது, வீட்டைத் தொடும்.

கிடைத்ததும் உண்டு. முன்பு பத்திரம் ஏன் வரவில்லை என்று கேட்டால் வாய்ப்பேச்சில் ஒரு பதில், பிறகு ‘அடுத்த வாரம் வாருங்கள்’. 2003-இல் ரிசர்வ் வங்கி வகுத்த நேர்மை நடைமுறை விதிகள், வேறு பாக்கிக்காகப் பிடித்து வைப்பதானால் எந்தப் பாக்கி, எந்த ஆவணத்தின்படி என்று அறிவிப்புத் தரச் சொல்லின. நீதிமன்றம் போகிறவருக்கு அந்தக் கடிதம் பெரிய ஆயுதம்; கேட்டு வாங்குகிறவர்கள் குறைவு என்பதே என் எண்ணம்.

2023 செப்டம்பரில் ரிசர்வ் வங்கியிடமிருந்து வந்த உத்தரவு இன்னும் கண்டிப்பானது. கடன் முழுவதும் அடைந்து 30 நாளுக்குள் மூலப்பத்திரங்களைத் திருப்ப வேண்டும். வங்கியால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. தொலைந்துபோனால் நகல் பெற உதவி, செலவும் வங்கியுடையது. டிசம்பர் 1 முதல் நடைமுறை. பத்திரத்துக்காகக் கிளை கிளையாக அலைந்தவர்களுக்கு இது கனவில்கூட வராத தொகை.

ஆனால் அந்த உத்தரவு வீட்டுக் கடன், கல்விக் கடன் போன்ற தனிநபர் கடன்களுக்கானது. தொழில் கடன் அதில் வராது. மைத்துனரின் ஓவர் டிராஃப்டுக்கென்றே பத்திரம் கொடுத்தவருக்கு 30 நாள் கணக்கும் இல்லை, 5,000 ரூபாயும் இல்லை. ஓவர் டிராஃப்ட் ஆண்டுதோறும் புதுப்பிக்கப்படுகிறது. அப்போதெல்லாம் ஜாமீன்தாரரையும் கூப்பிட்டுக் கையெழுத்து வாங்குகிறார்கள்.