"நீ இந்தியன் பேசுவியா?"

வேலை விஷயமா முதல்முறை அமெரிக்கா போனப்போ, பக்கத்து சீட்டுக்காரர் ரொம்ப சாதாரணமா கேட்டார்: "நீ இந்தியன் பேசுவியா?" அப்படி ஒரு மொழியே கிடையாதுன்னு விளக்கினேன். அவர் சிரிச்சிட்டு வேலையைப் பாக்கப் போயிட்டார்.

எனக்கு இது புதுசு இல்லை. சென்னையில நான் வாயைத் திறந்தாலே "சார் மலையாளமா?"ன்னுதான் கேப்பாங்க. எங்க நாஞ்சில் நாடு 1956 நவம்பர் 1 அன்னிக்குத்தான் தமிழ்நாட்டோட சேர்ந்தது. எங்க தமிழுக்கு ஒரு இழுவை உண்டு. "ராகம் போட்டுப் பேசுறீங்க"ன்னு கேலி பண்ணுவாங்க.

அந்தக் கேலியில ஒரு உண்மை இருக்கு. பேச்சுக்கு உண்மையிலேயே ராகம் உண்டு. இதை வச்சு ஒரு ஆல்பமே போட்டவர் ருத்ரேஷ் மஹந்தப்பா. ஜாஸ் சாக்ஸபோன் கலைஞர், இசையமைப்பாளர். 1971ல் இத்தாலியின் திரியெஸ்தேயில் பிறந்தவர், வளர்ந்தது அமெரிக்காவின் கொலராடோவில். பெற்றோர் கர்நாடகத்தைச் சேர்ந்தவர்கள். அப்பா இயற்பியல் பேராசிரியர். பையனுக்கு ஆதர்சமோ சார்லி பார்க்கர்.

பிரச்சினை இங்கேதான். பேரையும் நிறத்தையும் பார்த்து, இவருக்கு இந்திய இசை அத்துப்படின்னு ஊர் முடிவு பண்ணிருச்சு. அவர் வளர்ந்ததோ அமெரிக்க இசையில்.

2004ல் வந்த 'மதர் டங்' ஆல்பத்தில் அவர் செஞ்ச வேலை எனக்கு ரொம்பப் பிடிக்கும். "நீங்க இந்தியன் பேசுவீங்களா?" என்ற அதே கேள்வியை அமெரிக்க இந்தியர்களிடம் கேட்டு, அவங்கவங்க தாய்மொழியில் பதில் சொல்ல வச்சார். அந்தப் பதில்கள்ல குரல் எங்கே ஏறுது, எங்கே இறங்குது, எங்கே நிக்குதுன்னு ஸ்வரமா எழுதி, அதிலிருந்து மெட்டுகளை உருவாக்கினார். கன்னடம், குஜராத்தி, தெலுங்கு, கொங்கணி, தமிழ், மலையாளம்னு மொழிகளோட பேர்லயே உருப்படிகள். சொல்லை எடுத்துட்டா மிச்சம் இருக்கிற இழுவைதான் அங்கே இசை.

பியானோவில் இருந்தவர் தமிழ்ப் பெற்றோருக்கு அமெரிக்காவில் பிறந்த விஜய் ஐயர். அதே கூட்டணி 2006ல் 'கோட்புக்'னு இன்னொரு ஆல்பம் போட்டது. அதுக்கு அடிப்படை எண் கோட்பாடும் ரகசியக் குறியீட்டியலும். புரோகிராம் எழுதிப் பிழைக்கிற நான் இவர் பக்கம் சாஞ்சது அதனாலதான்.

இனி கதையின் மறுபாதி. கல்லூரி நாட்களில் அண்ணன் பாதி கிண்டலா ஒரு ஆல்பத்தைக் கொடுத்தார்: 'சாக்ஸபோன் இண்டியன் ஸ்டைல்'. வாசிச்சவர் கத்ரி கோபால்நாத். தமிழ்நாட்டுல 1994ல் வந்த 'டூயட்' படத்துக்கு அப்புறம் அவரைத் தெரியாதவங்க குறைவு. நாதஸ்வரக் கலைஞரின் மகன். மைசூர் அரண்மனை பேண்டில் சாக்ஸபோன் கேட்டு மயங்கி, அதையே பிடிச்சுக்கிட்டவர்.

இதுல என்ன பெரிய விஷயம்னா, சாக்ஸபோன் சாவி வச்ச கருவி. ஒரு சாவிக்கு ஒரு ஸ்வரம், படிக்கட்டு மாதிரி. கர்நாடக இசைக்கோ படிகளுக்கு இடையில வழுக்கிப் போற கமகம்தான் உயிர். நாதஸ்வரத்துல விரலால துளையைப் பாதி மூடலாம், இதுல அந்த வசதி இல்லை. உதடும் மூச்சும் சாவியும் சேர்ந்துதான் அந்த வழுக்கலைக் கொண்டுவரணும். கத்ரி பல வருஷம் உழைச்சு அதைச் சாதிச்சார்.

ருத்ரேஷ் 2007ல் குகன்ஹைம் நல்கை பெற்றார். 2008ல் இருவரும் சேர்ந்து வாசிச்ச 'கின்ஸ்மென்' வெளியானது. கத்ரியோட வழக்கமான வயலின் துணை ஏ. கன்யாகுமரியும் அதில் உண்டு. (பேர்தான் எங்க ஊர், அவங்க ஆந்திராக்காரங்க.) 'கின்ஸ்மென்'னா உறவினர்கள். ஊர் இவர் மேல ஒட்டின லேபிளை, இவரே தேடிப் போய் ஒரு உறவா மாத்திக்கிட்டார்னு நான் எடுத்துக்கறேன்.

கத்ரி 2019 அக்டோபர் 11ல் மறைந்தார். ருத்ரேஷ் அதுக்கு முன்னாடியே, 2016ல், பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் ஜாஸ் துறை இயக்குநர் ஆனார்.

'தமிழ்' உருப்படியைக் கேக்கும்போதெல்லாம் ஒரு ஆசை வரும். எங்க ஊர் ஆச்சி ஒருத்தி "எங்க போற மக்கா?"ன்னு இழுக்கறதை யாராவது ஸ்வரப்படுத்தணும். இப்ப யாராவது "சார் மலையாளமா?"ன்னு கேட்டா நான் இழுவையைக் குறைக்கறதில்லை. கொஞ்சம் கூட்டித்தான் பதில் சொல்றேன்.