ஏரிக்கு முன் இருந்தோர்

கோடைக்கானலின் வரலாற்றை நாம் வெள்ளையரிலிருந்தே தொடங்கிப் பழகிவிட்டோம். 1821இல் லெப்டினன்ட் வார்டு பழனிமலையை அளந்தார். 1845இல் அமெரிக்கப் பாதிரிமார் வீடு கட்டினர். 1863இல் லெவிஞ்சு ஏரியை அமைத்தார். ஆயின், கிழங்கு அகழ்ந்தும் தேனெடுத்தும் அம்மலைக் காடுகளில் பளியர் அதற்கு முன்பே வாழ்ந்துவந்தனர்.

1882ஆம் ஆண்டின் சென்னை வனச் சட்டம் காடுகளை அரசின் காப்புக்காடுகளாக்க வழிவகுத்தது. உரிமையுடையோர் குறித்த காலத்துக்குள் அதைக் கோர வேண்டும். கோராதோரின் உரிமை அற்றுப்போகும். எழுத்தறியாத மலைவாசி எங்ஙனம் மனுச் செய்வார்? பாட்டனார் வழக்கம் பேரனுக்குக் குற்றமாயிற்று.

கரீபியத் தீவுகளில் 1492க்குப் பின் தைனோ மக்களை வாளும் அம்மையும் அடிமை உழைப்பும் மாய்த்தன. பளியர் உயிர் பிழைத்தனர், காட்டை இழந்தனர். இத்தகைய இழப்பை வரலாற்று அநீதியென 2006ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் ஒப்புக்கொண்டது. ஒப்புக்கொள்வது தொடக்கமே, உரியவர் கையில் உரிமை சேரும்போதுதான் அநீதி நீங்கும்.