வீட்டில் பேசப்படாத சூது

திருவெள்ளறைப் பெருமாளைச் சேவிக்க வருவோர் ஸ்வஸ்திக வடிவக் கிணற்றையும் கண்டே திரும்புவர். தந்திவர்ம பல்லவன் காலத்தில், கி.பி. 800-ஐ ஒட்டிக் கம்பன் அரையன் எடுப்பித்த அக்கிணற்றில், ஒரு துறையில் நீராடுவோரை மறு துறையிலிருப்போர் காண இயலாது. கிணற்றுக்கு அஃது அழகு. கைபேசிச் சூது புகுந்த வீட்டிலோ கணவனும் மனைவியுமே அவ்வாறு ஆகிவிடுகின்றனர்.

சென்ற ஆண்டு மகளிர் குழுப் பெண்மணி ஒருவர் கடன் பற்றி விசாரிக்க என் அலுவலகத்திற்கு வந்தார். பேச்சுக்கிடையே அழுதுவிட்டார். கணவர் இரவில் திண்ணையில் அமர்ந்து நெல் விலை பார்ப்பதாகவே அவர் நம்பியிருந்தார். உண்மையில் நடந்தது பணம் வைத்து ரம்மி ஆட்டம். அடகு வைத்த சங்கிலி மூழ்கும் தறுவாயில்தான் விஷயம் வெளிவந்தது. பணம் போனதைவிட, ஓராண்டுக்கு மேலாகத் தம் முகம் பார்த்துப் பொய் சொன்னதே அவருக்குத் தாளவில்லை.

புத்தியுள்ள உழவர் ஏன் நிறுத்தவில்லை என்று கேட்கலாம். எப்போதும் தோற்பவன் விரைவில் விலகிவிடுவான். எப்போது வருமென்று தெரியாமல் இடையிடையே வரும் வெற்றியே மனத்தைக் கட்டிப்போடுகிறது. பின்னர் இழந்ததை மீட்க ஆடுவதும், அதற்குக் கடன் வாங்குவதும், கடனை மறைப்பதுமாகச் சுழல் பெருகுகிறது. பொங்கலன்று மரத்தடியில் பொழுதுபோக்காகச் சீட்டாடுவது வேறு, இது வேறு. 2022-இல் நடைமுறைக்கு வந்த உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியலிலும் சூதாட்டக் கோளாறு இடம்பெற்றுள்ளது. 2023 ஏப்ரலில் மாநிலச் சட்டமும், 2025 ஆகஸ்டில் மத்தியச் சட்டமும் இணையச் சூதுக்கு எதிராக வந்தன. ஆயினும் சட்டம் வந்த மறுநாளே பழக்கம் அற்றுவிடுவதில்லை.

ஆகவே வீட்டில் பேசியே ஆகவேண்டும். கோபம் மூண்ட இரவில் வேண்டாம். உறவினர் கூடிய சபையிலும் வேண்டாம். அவர் மதிக்கும் பெரியவர் ஒருவரை உடன் வைத்துக்கொண்டு, கைமாற்று உட்பட எல்லாக் கடனையும் ஒரே தாளில் எழுதச் செய்க. மறைத்த சிறு கடன் ஒன்று பின்னர் வெளிப்பட்டாலும் முழு நம்பிக்கையும் போய்விடும். மாமனார் நிலத்தை விற்றுக் கடனை ஒரே மூச்சில் அடைத்துவிடுவது கருணையாகத் தோன்றும். பழக்கம் தீராதவனுக்கு அது மீண்டும் ஆடக் கிடைத்த முதலாகிவிடுவதே பெரும்பாலும் நடப்பது. வங்கிக் கணக்கைச் சில காலம் மனைவி பார்த்துவரட்டும்.

ஊராட்சி உறுப்பினர்களுக்கு ஒரு வேண்டுகோள். கிராம சபையில் எவர் பெயரையும் எடுக்காதீர்கள். நானே ஒரு கூட்டத்தில் சூதாடிகளைக் கடுமையாக ஏசினேன். உதவி கேட்க வரவிருந்த ஒருவர் அதனால் வராமலே போனார் என்பதைப் பின்னரே அறிந்தேன். திருச்சி அரசு மருத்துவமனையில் மனநலப் பிரிவு உண்டு. 14416, 104 ஆகிய எண்களில் கட்டணமின்றிப் பேசலாம். உயிரை விட்டுவிடுவேன் என்று ஒருவர் சொன்னால், அதை மிரட்டல் என்று தள்ளாமல், தனியே விடாமல், அன்றே மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள்.

அந்தத் தம்பதியரை அண்மையில் கண்டேன். கடன் இன்னும் பாதி நிற்கிறது. மண்ணச்சநல்லூர் ஆலையில் நெல் போட்ட பணத்தை அவர் சீட்டோடு மனைவி கையில் கொடுக்கிறார்; அவரும் எண்ணிப் பார்த்தே வாங்குகிறார். சில மாலைகளில் சண்டையும் உண்டாம்.