பிரதி கேட்கும் போலீசும் பிரதியில்லாத கட்டியக்காரனும்

நாடகக்காரனிடம் அரசு முதலில் கேட்பது 'பிரதி'யைத்தான். நம் விமர்சகர்களுக்கும் பிடித்த சொல் அதுவே என்பது வேடிக்கை. விருத்தாசலம், நல்லூர்ப் பக்கம் விடிய விடியக் கூத்துப் பார்த்தவர்களுக்குத் தெரியும், கட்டியக்காரன் பேசுவது எந்த நோட்டிலும் இருக்காது. துரியோதனனுக்குக் கட்டியம் கூறிக்கொண்டே ரேஷன் கடையையும் ஊர்ப் பெரியவரையும் ஒரு இழு இழுத்துட்டுப் போவான்.

வேல்ஸ் இளவரசரைத் தன் வீட்டு அந்தப்புரத்துக்கு அழைத்த கல்கத்தா வக்கீல் ஒருவரை நாடகமொன்று கேலி செய்தது. வெள்ளைக்காரனுக்குச் சுட்டது. 1876இல் நாடக நிகழ்ச்சிகள் சட்டம் வந்தது. சுதந்திரத்துக்குப் பிறகும் அது போதவில்லை. எம்.ஆர். ராதா ராமாயணத்தை மேடையேற்றிய 1954ஆம் வருஷமே, காமராசர் ஆட்சியில், சென்னை ராஜ்யம் தனக்கென்று ஒரு சட்டம் போட்டுக்கொண்டது. ராதா பலமுறை கைதானார். பேரை மாத்தி அதே நாடகத்தைப் போட்டார். நாடகம் மனதைப் புண்படுத்தும் என்பவர்கள் வரவே வேண்டாம் என்று விளம்பரமும் செய்தார்.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்றுண்டு. சட்டத்தின் கண்ணில் நாடகம் என்பது எழுத்து. 'மன்னர் நலமா?' என்று எழுதிக் கொடுத்தால் எந்த அதிகாரியும் முத்திரை குத்துவார். அதையே நடிகன் ஒரு நொடி நிறுத்தி, ஊரறிந்த தலைவர் ஒருவரின் கையசைப்போடு சொன்னால் கொட்டகை சிரிக்கும். அரசியல் அந்தச் சிரிப்பில் நடக்கிறது, தாளில் இல்லை. ராதா அன்றைய பேப்பர் செய்தியை அன்றைக்கே வசனத்துக்குள் இழுத்தவர். இதற்கு எங்கே போய்ப் பிரதி வாங்குவது? ஆனால் தணிக்கை தோற்றுவிட்டது என்று துள்ள வேண்டாம். பிரதி கொடுக்கணும் என்ற நினைப்பே எழுதுகிறவன் மண்டைக்குள் ஒரு ஏட்டைய்யாவை உட்கார வைத்துவிடுகிறது. ராதாக்கள் அபூர்வம். மற்றவர்கள் எழுதும்போதே அடித்துவிடுகிறார்கள்.

'பரீக்ஷா' ஞாநி தொடுத்த வழக்கில் 2013 ஜனவரியில் சென்னை உயர்நீதிமன்றம் 1954 சட்டத்தின் முக்கியப் பிரிவுகளை ரத்து செய்தது. 1876 சட்டத்தைப் பாராளுமன்றம் நீக்கியது 2018 ஜனவரியில் சட்டமானது. அதே மாதம் ஞாநி மறைந்தார்.

இன்றும் மைக் அனுமதிக்கு ஸ்டேஷனுக்குத்தான் போகணும். 'என்ன நாடகம், யாரப் பத்தி?' என்ற கேள்வி வரும். மனுவோடு அந்தத் தீர்ப்பின் நகலையும் சேர்த்து நீட்டலாம்.