பனி அடைத்தால்தான் பசுமை

வசந்தம் பிறந்ததும் வடகனடாவின் பீஸ் ஆற்றை மூடியிருக்கும் பனி பாளம் பாளமாக உடையும். உடைந்த பாளங்கள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி ஆற்றையே அடைத்துக்கொள்ளும். பின்னால் வரும் தண்ணீர் போக வழியில்லாமல் கரைபுரண்டு, இருபுறமும் பாயும். வேறெங்கும் இதைப் பேரிடர் என்போம். ஆனால் இந்த ஆற்றின் பீஸ்-அத்தபாஸ்கா டெல்டாவுக்கு இதுதான் உயிர். ஆற்று மட்டத்தைவிட உயரத்தில் இருக்கும் குட்டைகளுக்கு இந்த வெள்ளம் ஏறி வந்தால்தான் தண்ணீர். அவை நிரம்பினால் கோரை செழிக்கும். மஸ்க்ராட் என்ற நீர்வாழ் கொறிவிலங்கு பெருகும். வலசை வாத்துகள் கூட்டமாக இறங்கும்.

இந்த டெல்டாவின் பெரும்பகுதி உட்பஃபலோ தேசியப் பூங்காவுக்குள் இருக்கிறது. காட்டெருமைகளைக் காக்க 1922இல் உருவான பூங்கா. பரப்பு 44,000 சதுர கிலோமீட்டருக்கும் மேல். சுவிட்சர்லாந்து நாட்டையே உள்ளே வைத்துவிடலாம். பீவர்கள் மரத்தாலும் சேற்றாலும் கட்டிய முக்கால் கிலோமீட்டர் நீள அணை ஒன்று இங்கே இருப்பதே 2007இல் செயற்கைக்கோள் படங்களைப் பார்த்தபோதுதான் தெரியவந்தது. அவ்வளவு ஆளரவமற்ற காடு.

அந்தத் தனிமைதான் ஓர் இனத்தைக் காப்பாற்றியது. வூப்பிங் கிரேன் என்ற வெண்கொக்கு ஆளுயரத்தை நெருங்கும். இறக்கை நுனியில் கறுப்பு, உச்சந்தலையில் சிவப்பு. 1941இல் இயற்கையில் மிஞ்சியவை இருபதுக்குச் சற்று மேல்தான். டெக்சாஸில் குளிர்காலத்தைக் கழித்த கொக்குகள் கோடையில் எங்கே போய்க் கூடு கட்டுகின்றன என்று ஆண்டுக்கணக்கில் தேடினார்கள். 1954இல் காட்டுத்தீயைப் பார்க்கப் பறந்த ஹெலிகாப்டரில் இருந்தவர்களின் கண்ணில், இந்தப் பூங்காவின் சதுப்பில், அவை பட்டன. இன்று அந்தக் கூட்டம் ஐந்நூறைத் தாண்டிவிட்டது. ஒவ்வொரு கொக்கும் ஒரு வழிக்கு மட்டும் சுமார் 4,000 கிலோமீட்டர் பறக்கிறது.

ஆனால் இந்தப் பூங்காவில் கனடா அரசு தவறே செய்யவில்லை என்று சொல்ல முடியாது. 1925 முதல் 1928 வரை தெற்கிலிருந்து ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட காட்டெருமைகளைக் கொண்டுவந்து இங்கே விட்டார்கள். விஞ்ஞானிகள் எச்சரித்தும் கேட்கவில்லை. கூடவே வந்த காசநோயும் புரூசெல்லோசிஸும் இன்னும் மந்தையை விட்டுப் போகவில்லை.

இப்போதைய ஆபத்தோ பூங்கா எல்லைக்கு வெளியே இருந்து வருகிறது. பீஸ் ஆற்றின் மேல்பகுதியில், பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்தில், பென்னெட் அணை 1968இல் தண்ணீரைத் தேக்கத் தொடங்கியது. மின்சாரத் தேவை குளிர்காலத்தில்தான் அதிகம் என்பதால் அப்போது தண்ணீரைத் திறக்கிறார்கள். பாளங்களை நெருக்கித் தள்ள வேண்டிய வசந்த வெள்ளம் வலுவிழக்கிறது. அதே ஆற்றில் மூன்றாவதாக எழுந்த சைட் சி அணையின் நீர்த்தேக்கம் 2024இல் நிரம்பியது. தெற்கே, அத்தபாஸ்கா ஆற்றங்கரையில், எண்ணெய் மணல் சுரங்கங்களின் கழிவுநீர்க் குட்டைகள் பரந்து கிடக்கின்றன.

டெல்டாவை ஒட்டிய ஃபோர்ட் சிப்பவையன் ஊரில் வாழும் பூர்வகுடிகளுக்கு இது ஏட்டுக் கணக்கு அல்ல. தாத்தா படகில் போன ஓடையில் பேரனின் படகு தரைதட்டுகிறது. மஸ்க்ராட் பிடித்த குட்டையில் வில்லோ புதர் மண்டிவிட்டது. அவர்களில் மிகிசூ கிரீ மக்கள் 2014இல் யுனெஸ்கோவிடம் முறையிட்டார்கள். 1983 முதல் உலகப் பாரம்பரியக் களமாக இருக்கும் இந்த இடத்தை 2016இல் யுனெஸ்கோவின் குழு ஒன்று நேரில் வந்து பார்த்தது.

எல்லைக் கோட்டுக்குள் ரோந்து போனால் மட்டும் இந்தப் பூங்கா பிழைக்காது. அணையிலிருந்து எப்போது, எவ்வளவு தண்ணீர் விடுவது என்பதை டெல்டா மக்களையும் உட்காரவைத்துப் பேசித்தான் கனடா முடிவுசெய்ய வேண்டும்.